காலவழு: அனக்ரோனிசத்துக்கு நம்மிடம் உள்ள சொல்

சரித்திரப் படத்துக்கோ ஆவணப்படத்துக்கோ அமர்த்தப்படும் வரலாற்று ஆலோசகருக்கு வேலைகள் பல. அவற்றில் முக்கியமானது, ஒரு காலத்துக் கதைக்குள் இன்னொரு காலத்துப் பொருளோ வழக்கமோ நுழைந்துவிடாமல் பார்த்துக்கொள்வது. அப்படி நுழைவதைத்தான் ‘அனக்ரோனிசம்’ என்கிறார்கள்.

கிரேக்க வேர்ச்சொல். ‘அனா’ என்றால் பின்னோக்கி, எதிராக. ‘க்ரோனோஸ்’ என்றால் காலம். 17ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்கு வந்தபோது ஆண்டுக் கணக்கைப் பிழையாகக் குறிப்பதுதான் அதன் பொருள். காலத்துக்கு ஒவ்வாத எதையும் குறிப்பது பின்னால் வந்த விரிவு.

இராசராசன் காலத்து விருந்தில் மிளகாய் தெரிந்தால் அது அனக்ரோனிசம். மிளகாய் அமெரிக்கக் கண்டத்துப் பயிர். போர்த்துக்கீசியர் 1498இல் கோழிக்கோட்டில் இறங்கிய பிறகே இங்கே வந்தது. சோழர் அடுக்களையில் காரத்துக்கு மிளகுதான். தக்காளி, உருளைக்கிழங்கு, முந்திரி எல்லாம் இதே கதை. தஞ்சைப் பெரிய கோயிலிலேயே நேரில் படம் பிடித்தாலும் தப்ப முடியாது. கோயில் 1010இல் நிறைவுற்றது. முன்னால் இருக்கும் பெரிய நந்தியும் அதன் மண்டபமும் நாயக்கர் காலத்தவை. கேமராவை எங்கே வைப்பது என்பதுகூட ஆலோசகரைக் கேட்டுச் செய்ய வேண்டிய காரியம்தான்.

அண்மைக் காலக் கதை என்றால் இன்னும் கவனம் வேண்டும். 1950களின் மளிகைக் கடையில் ‘விலைப் பட்டியல்’ என்று ஒரு பலகை மாட்டுகிறார்கள். அதில் ‘லை’ இன்றைய வடிவில் இருந்தால் தவறு. தும்பிக்கைபோல் வளைந்த பழைய ஐகாரக் குறிதான் அன்றைய பொது வழக்கு. தமிழக அரசு எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்றது 1978இல்தான். ஆனால் அதே கடையில் ஒருவர் பெரியாரின் இதழை விரித்து வைத்திருந்தால், அதில் புது ‘லை’ இருப்பதே சரி. ‘குடி அரசு’ 1935லேயே அந்த வடிவத்துக்கு மாறிவிட்டது. ஒரே காட்சி, ஒரே எழுத்து, இரண்டு வடிவமும் சரி! இந்த நுணுக்கத்தைப் பிடிப்பவர்தான் நல்ல ஆலோசகர்.

சரி, தமிழில் என்ன சொல்வது? கால முரண், காலப் பிழை என்றெல்லாம் எழுதுகிறார்கள். எனக்குப் பிடித்தது ‘காலவழு’. திணை, பால், இடம், காலம், வினா, விடை, மரபு என்று வழு ஏழு வகை என்கிறது நன்னூல். ‘நேற்று வருவான்’ என்பது கால வழு. இலக்கணத்தில் அது வினைச்சொல்லின் காலம் பற்றியது. பொருளுக்கும் பழக்கத்துக்கும் அதை விரிப்பதில் தடை ஒன்றும் இல்லை.

இந்தச் சொல்லுக்கு ஒரு துணையும் உண்டு: வழுவமைதி. உள்ளே சாப்பிட்டுக்கொண்டே ‘இதோ வந்துட்டேன்’ என்கிறோம். வழுதான், ஆனாலும் விரைவு கருதி இலக்கணம் அதை ஏற்கிறது. சோழர் படத்தில் எல்லோரும் நமக்குப் புரியும் தமிழில் பேசுவதும் அப்படித்தான். பார்ப்பவருக்குப் புரிய வேண்டும் என்பதற்காகத் தெரிந்தே ஏற்றுக்கொள்வது அது. மிளகாய்க்கு அந்தக் காரணம் கிடையாது. ஆகவே ஆலோசகரின் குறிப்பேட்டில் மிளகாய்க்கு நேராகக் ‘காலவழு, நீக்கவும்’ என்றும், வசன நடைக்கு நேராகக் ‘காலவழுவமைதி, இருக்கட்டும்’ என்றும் எழுதலாம்.