வழித்தோன்றல் வேறு, வாரிசு வேறு

"ஐரோப்பிய அரச குடும்பங்களில் பாதிப்பேர் விக்டோரியா மகாராணியின் வாரிசுகள்." பிரித்தானிய அரச குடும்பத்தில் ஒரு கல்யாணமோ சாவோ வந்தால் போதும், இந்த வாக்கியம் ஏதாவது ஒரு வடிவில் தமிழில் வந்துவிடுகிறது. காணொளிகளில் இன்னும் அதிகம். கேட்டுக் கேட்டுப் பொறுக்க முடியாமல்தான் இதை எழுதுகிறேன். விக்டோரியாவின் முடிக்கு வாரிசு ஒரே ஒருவர்தான்: மூத்த மகன் ஏழாம் எட்வர்ட். 1901 ஜனவரி 22 அன்று ராணி இறந்ததும் முடி அவருக்குப் போயிற்று. மற்ற எட்டுப் பிள்ளைகளும், 42 பேரப்பிள்ளைகளும், அவர்களுக்குப் பின் வந்த நூற்றுக்கணக்கானவர்களும் விக்டோரியாவின் வழித்தோன்றல்கள். வாரிசுகள் அல்ல.

சொற்பிறப்பைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஆங்கிலத்தில் 'டிசென்டன்ட்' என்பது இறங்குதல் என்று பொருள்படும் லத்தீன் வினையிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்தது. ஒருவரிடமிருந்து இறங்கி வந்தவர், அவ்வளவுதான். பட்டமோ சொத்தோ அந்தச் சொல்லுக்குள் இல்லை. 'வாரிசு' அரபியின் 'வாரிஸ்'. பாரசீகம், உருது வழியாக நம் கச்சேரித் தமிழுக்குள், அதாவது அரசு அலுவலகத் தமிழுக்குள், நுழைந்தது. இறந்தவரின் உடைமையைப் பெறுகிறவர் என்பதுதான் அதன் வேர்ப்பொருள். ஆங்கிலத்தில் 'எயர்' எனப்படுவது இதுதான். 'வழித்தோன்றல்' நம் சொல். வழி, தோன்றல் என்று இரண்டாகப் பிரியும். தோன்றலுக்கு மகன், தலைவன் என்ற பழம்பொருள்கள் உண்டு. கம்பர் இராமனைத் தோன்றல் என்பார். ஒருவர் வழியில் தோன்றியவர் வழித்தோன்றல். 'கால்வழி', 'கொடிவழி' என்ற சொற்களும் இந்தக் குடும்பம்தான். குறள் 114-இல் வரும் 'எச்சம்' என்பதற்குப் பரிமேலழகர் மக்கள் என்றே பொருள் கொள்கிறார். ஆனால் இன்றைக்கு எச்சம் என்றால் பறவை இட்டது என்றுதான் காதில் விழும். அந்தச் சொல்லை விட்டுவிடலாம்.

வாரிசு என்றால் என்ன என்பது நம் ஊரில் யாருக்கும் தெரியாததல்ல. தாலுகா அலுவலகத்தில் வாரிசுச் சான்றிதழ் வாங்கியவர்களைக் கேளுங்கள். இறந்தவருக்கு மகன் உயிரோடிருந்தால், அந்த மகனின் பிள்ளைகள் பெயர் அதில் ஏறாது. பேரன் என்பதில் யாருக்கும் சந்தேகம் கிடையாது, ஆனால் அவன் அன்றைக்கு வாரிசு இல்லை. அலுவலகத்தில் இவ்வளவு கறாராக இருக்கும் சொல், அரசியல் மேடையிலும் சினிமாப் பக்கத்திலும் புரண்டு புரண்டு 'பெரிய குடும்பத்துப் பிள்ளை' என்ற அளவுக்குத் தளர்ந்துவிட்டது. அரச குடும்பத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் இந்தத் தளர்ந்த சொல்லைத்தான் கையில் எடுக்கிறார்கள். யார் ஆளலாம், யார் ஆளக்கூடாது என்பதே சண்டையாக இருந்த இடத்தில் கொண்டுபோய் அதை வைக்கிறார்கள்.

1837-ஐப் பாருங்கள். ஜூன் 20 அன்று நான்காம் வில்லியம் இறந்தார். அவர் பிரித்தானியாவுக்கும் அரசர், ஜெர்மனியில் இருந்த ஹனோவருக்கும் அரசர். அண்ணன் மகளான விக்டோரியாவை... இல்லை, வில்லியத்துக்கு விக்டோரியா தம்பி மகள். அவள் அப்பா கென்ட் கோமகன் வில்லியத்துக்கு இளையவர். அந்தப் பதினெட்டு வயதுப் பெண் பிரித்தானியாவுக்கு ராணியானார். ஹனோவரில் ஆண்வழி உள்ளவரை பெண்ணுக்கு முடி கிடையாது. அந்த முடி விக்டோரியாவின் சித்தப்பா எர்னஸ்ட் அகஸ்டஸுக்குப் போயிற்று. இரண்டு நாட்டையும் ஆண்ட மூன்றாம் ஜார்ஜுக்கு விக்டோரியா பேத்தி. அதாவது இரண்டு அரியணைக்கும் அவர் வழித்தோன்றல், ஒன்றுக்கு மட்டும் வாரிசு. 'வாரிசு' என்ற ஒரே சொல்லை வைத்துக்கொண்டு இதை எப்படித் தமிழில் சொல்வது?

ரத்தம் உறையாத நோயான ஹீமோபீலியா பற்றிய கட்டுரைகளில் இந்தக் குழப்பம் உண்மைப் பிழையாகவே ஆகிவிடுகிறது. "விக்டோரியாவின் நோய் அவருடைய வாரிசுகளுக்குப் பரவியது" என்று எழுதுகிறார்கள். வாரிசான ஏழாம் எட்வர்டுக்கு அந்த நோய் இல்லை. நோய் இல்லாத ஆண் அதைத் தன் பிள்ளைகளுக்குக் கடத்துவதும் இல்லை. அதனால்தான் பிரித்தானிய அரியணையில் அதற்குப் பின் அமர்ந்தவர்கள் தப்பினார்கள். நோய் வந்தது இளைய மகன் லியோபோல்டுக்கு. அவர் 1884-இல் கீழே விழுந்து அடிபட்டு, முப்பது வயதில் இறந்தார். மகள்கள் ஆலிஸும் பியாட்ரிஸும் நோயைச் சுமந்து போனார்கள். ஆலிஸ் வழியாக அது ரஷ்ய இளவரசர் அலெக்ஸி வரைக்கும், பியாட்ரிஸ் வழியாக ஸ்பெயின் அரச குடும்பம் வரைக்கும் போயிற்று. நோய் போனது வழித்தோன்றல்களுக்கு. முடி போன பாதையும் நோய் போன பாதையும் வேறு வேறு என்பதுதான் அந்தக் கதையின் சாரமே. 'வாரிசுகளுக்கு' என்று போட்டதும் அது காணாமல் போகிறது.

சட்டத்திலிருந்து ஒன்று. 1701-இல் இங்கிலாந்து நாடாளுமன்றம், ஹனோவர் இளவரசி சோபியாவின் வழியில் வருகிற புராட்டஸ்டன்டுகளுக்கே முடி என்று சட்டம் செய்தது. 1705-இல் இன்னொரு சட்டம், சோபியாவின் நேர்வழியில் தோன்றுகிற எல்லாரும் இங்கிலாந்துக் குடிகளாகக் கருதப்படுவார்கள் என்றது. 1948-இன் குடியுரிமைச் சட்டம் அதை நீக்கிவிட்டது. ஆனாலும் 1914-இல் பிறந்த ஹனோவர் இளவரசர் எர்னஸ்ட் அகஸ்டஸ், நீக்கப்படுவதற்கு முன்பே தனக்கு அந்தக் குடியுரிமை கிடைத்துவிட்டது என்று வழக்காடினார். 1957-இல் பிரபுக்கள் சபை அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது. இங்கே சோபியாவின் வழித்தோன்றலாக இருந்ததற்குக் கிடைத்தது குடியுரிமை. அரியணைக்கும் அந்த வழக்குக்கும் தொடர்பில்லை. இதை "சோபியாவின் வாரிசு வழக்கில் வென்றார்" என்று எழுதினால், சொத்துத் தகராறு என்றுதான் படிக்கிறவர் நினைப்பார்.

மறுபக்கமும் உண்டு. வழித்தோன்றலாக இல்லாமலே வாரிசானவர்கள் ஐரோப்பாவில் நிறையப் பேர். டென்மார்க்கின் ஒன்பதாம் கிறிஸ்டியன் 1863-இல் பிள்ளையில்லாத ஏழாம் பிரெடரிக்கின் இடத்துக்கு வந்தார். 1852-இல் லண்டனில் வல்லரசுகள் கூடிச் செய்த ஏற்பாடு அது. பிறகு அவர் பிள்ளைகள் பிரித்தானியா, ரஷ்யா, கிரேக்கம் என்று போய்ச் சேர்ந்ததால் 'ஐரோப்பாவின் மாமனார்' என்றே பெயர் பெற்றார். ஸ்வீடனில் பதின்மூன்றாம் சார்லஸுக்கு வாரிசாக 1810-இல் தேர்ந்தெடுக்கப்பட்டவர் பெர்னடோட் என்ற பிரெஞ்சுத் தளபதி. ரத்தத்தில் ஒட்டுமில்லை, உறவுமில்லை. 1818-இல் அவர் அரசரானார், இன்றைக்கும் அங்கே அந்தக் குடும்பம்தான்.

நெப்போலியனின் கதை இன்னும் தெளிவு. வாரிசு பிறக்கவில்லை என்ற காரணத்துக்காகவே அவர் ஜோசபினை மணவிலக்குச் செய்தார். அடுத்த மனைவி பெற்ற மகன் 1832-இல் 21 வயதில் பிள்ளையின்றி இறந்தான். ஜோசபினுக்கோ முதல் கணவர் மூலம் ஒரு மகன் இருந்தான். அந்த மகனின் மகள் ஸ்வீடனின் ராணியானாள். இன்று ஸ்வீடன், நார்வே, டென்மார்க், பெல்ஜியம், லக்சம்பர்க் ஆகிய ஐந்து நாட்டு அரச குடும்பங்களும் ஜோசபினின் வழித்தோன்றல்கள். இவர்களை 'ஜோசபினின் வாரிசுகள்' என்று யாராவது எழுதினால், எதற்காக அந்தப் பெண் விலக்கப்பட்டாள் என்பதே அர்த்தமில்லாமல் போகும்.

சரி, 'வாரிசு' தமிழல்ல, அதை எடுத்துவிட்டு 'மரபுரிமையாளர்' போடுங்கள் என்கிறார்கள் தனித்தமிழ் அன்பர்கள். அவர்கள் நோக்கத்தின் மேல் எனக்கு மதிப்பு உண்டு. முடிந்த இடத்திலெல்லாம் நானும் தமிழ்ச்சொல்லையே தேடுகிறவன். ஆனால் இந்தச் சொல்லை ஏற்க முடியவில்லை. வாரிசு என்று எங்கெல்லாம் இருக்கிறதோ அங்கெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு இதை மாற்றி வைக்கிறார்கள். தவறாக இருந்த வாரிசு, இன்னும் தவறான மரபுரிமையாளர் ஆகிறது. வாரிசாவது புழங்கிப் புழங்கித் தளர்ந்த சொல். இதில் 'உரிமை' முகத்திலேயே எழுதியிருக்கிறது. ஸ்பெயின் மன்னர் ஆறாம் பெலிப்பே, பியாட்ரிஸ் வழியாக விக்டோரியாவின் கால்வழியில் வந்தவர். அவரை 'விக்டோரியாவின் மரபுரிமையாளர்' என்று எழுதியதைப் படித்திருக்கிறேன். அவர் கத்தோலிக்கர். 1701 சட்டப்படி விக்டோரியாவின் முடியில் அவருக்கு எந்த உரிமையும் கிடையாது. இல்லாத உரிமையை அந்தச் சொல் கொடுத்துவிடுகிறது.

அந்தச் சொல்லுக்கு வேறு வேலையும் இருக்கிறது. இலங்கைத் தமிழில் மரபுரிமை என்றால் பண்பாட்டுச் சொத்து. உலக மரபுரிமைச் சின்னம் என்பது அங்கே அன்றாட வழக்கு. அறிவியலிலோ மரபணு, மரபுநோய் என்று 'மரபு' உயிரியலுக்குப் போய்விட்டது. ஹீமோபீலியா பற்றிய கட்டுரையில் 'மரபுரிமையாளர்' என்று வந்தால் முடியைப் பெற்றவரா, நோயைப் பெற்றவரா என்று படிக்கிறவர் திணற வேண்டியிருக்கிறது. அப்புறம், 'எயர்' என்பதற்கு நேர்ச்சொல்லாகக்கூட இது தேறவில்லை. பெர்னடோட் வாரிசானது எந்த மரபில்? அரியணை என்றால் 'முடிக்குரியவர்', 'பட்டத்துக்குரியவர்' என்று சொல்ல ஏற்கெனவே வழி இருக்கிறது. அதுவும் பிடிக்கவில்லையா, அந்த இடத்தில் மட்டும் வாரிசையே வைத்துக்கொள்ளுங்கள். தெளிவாகச் சொல்லும் இரவல் சொல், குழப்புகிற சொந்தச் சொல்லைவிட மேல் என்பது என் கட்சி.

'சந்ததி' மோசமில்லை, கூட்டமாகச் சொல்லும்போது பொருந்தும். ஒருவரைச் சுட்ட வராது. 'எதிர்காலச் சந்ததி' என்னும்போது தலைமுறை என்றும் பொருள்படும். பேச்சில் 'அவர் பரம்பரையில் வந்தவர்', 'அவர் வழியில் வந்தவர்' என்கிறோமே, அதுவே போதும். பெயர்ச்சொல் வேண்டுமென்றால் வழித்தோன்றல்; கூட்டத்துக்குக் கால்வழியினர்.

இதே மொழிபெயர்ப்பாளர்கள் செய்யும் இன்னொரு அநியாயம் 'ஒன்றுவிட்ட சகோதரர்'. ஆங்கிலத்தில் 'கசின்' என்று இருந்தால் போதும், யார் யாருக்குப் பிறந்தவர் என்று பார்ப்பதே இல்லை. விக்டோரியாவும் ஆல்பர்ட்டும் ஒன்றுவிட்ட சகோதர சகோதரி என்று எழுதுகிறார்கள். தமிழில் படிக்கிறவருக்கு அது தங்கையைக் கட்டிய கதையாகத் தெரியாதா? விக்டோரியாவின் அம்மாவும் ஆல்பர்ட்டின் அப்பாவும் கூடப்பிறந்தவர்கள். விக்டோரியா தாய்மாமன் மகனைக் கட்டினார். 1840 பிப்ரவரி 10 அன்று நடந்தது நம் கணக்கில் முறைக் கல்யாணம். அதற்கு முன்னின்று முயன்ற பெல்ஜியம் அரசர் முதலாம் லியோபோல்ட், பெண்ணுக்குத் தாய்மாமன், மாப்பிள்ளைக்குச் சித்தப்பா.

முதல் உலகப் போரைப் பற்றி எழுதும்போதும் அப்படித்தான். ஐந்தாம் ஜார்ஜ், ரஷ்யாவின் இரண்டாம் நிக்கோலாஸ், ஜெர்மனியின் இரண்டாம் வில்ஹெல்ம் மூவரும் 'ஒன்றுவிட்ட சகோதரர்கள்' என்று ஒரே கட்டாகக் கட்டிவிடுகிறார்கள். ஜார்ஜின் அம்மாவும் நிக்கோலாஸின் அம்மாவும் அக்கா தங்கை, ஒன்பதாம் கிறிஸ்டியனின் மகள்கள். ஆகவே அவர்கள் அண்ணன் தம்பி. 1865-இல் பிறந்த ஜார்ஜ் அண்ணன், 1868-இல் பிறந்த நிக்கோலாஸ் தம்பி. வில்ஹெல்ம் ஜார்ஜுக்கு அத்தை மகன், சகோதரர் முறையே கிடையாது. நிக்கோலாஸின் மனைவி அலெக்ஸாண்ட்ரா, வில்ஹெல்முக்குச் சித்தி மகள், அதாவது தங்கை. 1914 ஜூலை கடைசியில் 'நிக்கி', 'வில்லி' என்று கையெழுத்திட்டுத் தந்தி அனுப்பிக்கொண்டவர்கள், தமிழில் சொன்னால், தங்கை புருஷனும் மச்சானும். ஆங்கிலத்தால் ஒரு சொல்லில் காட்ட முடியாத இந்த உறவுகளுக்கெல்லாம் தமிழில் சொல் தயாராக இருக்கிறது. அதை வைத்துக்கொண்டு 'ஒன்றுவிட்ட' என்று எழுதுவது சோம்பேறித்தனம்.

இரண்டாம் எலிசபெத்தையும் பிலிப்பையும் இப்படியே பாருங்கள். இருவரும் விக்டோரியாவுக்கு எள்ளுப்பேத்தி, எள்ளுப்பேரன். எலிசபெத் மகன் எட்வர்ட் வழி, பிலிப் மகள் ஆலிஸ் வழி. தலைமுறை தலைமுறையாக முறை வைத்துக்கொண்டு வந்தால் பிலிப் எலிசபெத்துக்கு அத்தை மகன் முறையில் வந்து நிற்கிறார். ஒன்பதாம் கிறிஸ்டியன் வழியாக எண்ணினால் மாமன் முறை. இரண்டு பக்கமும் கட்டிக்கொள்ளும் முறைதான். 1947-இல் நடந்த அந்தக் கல்யாணத்தைப் பற்றி எழுதும்போது 'தூரத்துச் சகோதரர்' என்று போடுகிறவர்கள் ஒரு தாளில் அந்தக் கொடிவழியை வரைந்து பார்த்துவிட்டு எழுதட்டும்.