வாயு எல்லாம் மேலே போகாது

மாணவர்களுக்கான கலைக்களஞ்சியம் ஒன்றுக்கு 'வாயுக்கள்' என்று ஒரு கட்டுரை எழுதிய காரைக்குடிப் பேராசிரியர், அச்சுக்குப் போகுமுன் என்னைப் பார்த்துத் தரச் சொன்னார். தீயணைப்புத் துறையில் இருந்து ஓய்வுபெற்றவனுக்கு அதில் என்ன வேலை என்றுதான் நினைத்தேன். பாயில் விதி, சார்லஸ் விதி எல்லாம் ஒழுங்காகவே இருந்தன. இரண்டாம் பக்கத்தில் ஒரு வரி: 'வாயுக்கள் இலேசானவை, ஆகவே மேலெழும்பிப் பரவும்.' பென்சிலை எடுத்தேன்.

பணிக்காலத்தில் ஒரு கல்யாண வீட்டுக்கு ஓடினோம். பழைய செட்டிநாட்டு வீடு. வீட்டின் கடைசிப் பகுதியான பின்கட்டிலே சமையல், 19 கிலோ சிலிண்டர் ஒன்றில் கசிவு. "ஜன்னலெல்லாம் திறந்தாச்சு தம்பி, வாடை போக மாட்டேங்குதே" என்றார் ஆச்சி. ஜன்னல் இருந்தது தலைக்கு மேலே. கேஸ் கிடந்ததோ காலடியில், உயரமான நிலைப்படிக்கு உள்ளே, தொட்டியில் தேங்கிய தண்ணீர் மாதிரி. பேத்தி ஒருத்தி மின்விசிறியைப் போட சுவிட்சை நோக்கிப் போனாள். நான் போட்ட சத்தத்தில் பிள்ளை அழுதே விட்டது. சிலிண்டரை மூடி, ஆட்களை வெளியேற்றி, கொல்லைக் கதவை அகலத் திறந்த பிறகுதான் மூச்சு வந்தது.

ஆகவே ஓரத்தில் 'தவறு' என்று மட்டும் எழுதவில்லை. அப்படி எழுதினால் எழுதியவருக்குக் கோபம் வரும், வரி அப்படியே இருக்கும். மாற்று வரியையே எழுதிக் கொடுத்தேன்: 'காற்றின் சராசரி மூலக்கூறு எடை சுமார் 29. ஹைட்ரஜன் 2, மீத்தேன் 16. இவை மேலே போகும். சமையல் எரிவாயுவில் உள்ள புரொப்பேன் 44, பியூட்டேன் 58. இவை தரையில் தங்கும்.' கூடவே கசிவுக்கான அவசர எண் 1906. கலைக்களஞ்சியத்தில் போன் நம்பரா என்று கேட்டார். போடுங்கள் என்றேன்.

அந்த வாடை கேஸுடையது அல்ல, கசிவு தெரிவதற்காகச் சேர்க்கும் எத்தில் மெர்காப்டனுடையது என்பதையும் குறித்தேன். கரியடுப்புப் புகையில் வருவதைக் 'கரியமில வாயு' என்று மட்டும் எழுதியிருந்தார். மூடிய அறையில் ஆளைக் கொல்வது பெரும்பாலும் கார்பன் மோனாக்சைடு. வாடையும் நிறமும் இல்லாத அதற்குத் தனிப் பத்தி கேட்டேன்.

கடைசியில் கிணறு. 'எரியும் விளக்கை இறக்கிப் பார்த்து, அணையாவிட்டால் இறங்கலாம்' என்று இருந்தது. நம் தாத்தாக்கள் செய்ததுதான். ஆனால் விளக்கு அணைந்தால் ஆக்ஸிஜன் குறைவு என்று தெரியுமே ஒழிய, அணையாவிட்டால் ஆபத்து இல்லை என்று ஆகாது. ஹைட்ரஜன் சல்பைடு ஆளைச் சாய்க்கும் அளவு இருந்தாலும் சுடர் நின்று எரியும். முதலில் அழுகிய முட்டை வாடை வரும். அளவு கூடினால் மூக்கே மரத்துப்போய் வாடை நின்றுவிடும். மீத்தேன் இருந்தால் அந்த விளக்கே தீ வைத்துவிடும். தூர் வார இறங்கி விழுந்தவரைத் தூக்க இன்னொருவர் இறங்கி, இரண்டு பேரையும் நாங்கள் கயிறு கட்டி எடுத்த நாட்கள் உண்டு.

"சரி, அந்த வரியை எடுத்துவிடுகிறேன்" என்றார் பேராசிரியர். எடுக்காதீர்கள் என்றேன். எடுத்தாலும் ஊரில் விளக்கை இறக்கிக்கொண்டுதான் இருப்பார்கள். ஏன் போதாது என்று அங்கேயே எழுதுங்கள். இடம் இல்லையே என்று இழுத்தார். அப்புறம் பாயிலின் படத்தைச் சின்னதாக்கி இடம் பண்ணிக்கொண்டார்.