ஃப்ரோசன் மீன் பாக்கெட்: 5% ஜிஎஸ்டி எப்போது, லேபிளில் என்ன, ஐஸுக்கு யார் காசு கொடுப்பது

வஞ்சிரத் துண்டு அரை கிலோ. ஐஸில் குளிர்த்தி, 0 முதல் 4 டிகிரிக்குள் வைத்து, தட்டில் அடுக்கி பிளாஸ்டிக் தாள் சுற்றி விற்றால் ஜிஎஸ்டி இல்லை. அதே துண்டை உறையவைத்து அரை கிலோ பாக்கெட்டாக அடைத்து விற்றால் 5%. உறைந்த துண்டையே கடையில் வாடிக்கையாளர் கண் முன்னால் நிறுத்துக் கொடுத்தால் மறுபடி வரி இல்லை. மீனும் அதே, வெட்டிய கத்தியும் அதே. ஃப்ரோசன் மீன் தொழிலுக்குப் புதிதாக வருபவர்கள் முதலில் தடுமாறுவது இந்த இடத்தில்தான். மீனை எந்த நிலையில், எப்படிப் பொதிந்து விற்கிறீர்கள் என்பதை வைத்தே வரி, லேபிள், எடை என எல்லா விதிகளும் மாறுகின்றன.

2022 ஜூலை 18-க்கு முன்பு, பிராண்டு பெயரில் பொதிந்த உறைமீனுக்கு மட்டும்தான் வரி இருந்தது. அன்று முதல் பிராண்டு கணக்கு போய், ‘முன்பொதிந்து லேபிளிடப்பட்டது’ என்பது அளவுகோல் ஆனது. இதன் பொருளை ஜிஎஸ்டி சட்டத்தில் தேடக் கூடாது. 2009-ஆம் ஆண்டின் சட்டமுறை எடையளவுச் சட்டம் தரும் விளக்கத்தையே ஜிஎஸ்டியும் எடுத்துக்கொள்கிறது: வாங்குபவர் உடன் இல்லாதபோது, முன்பே தீர்மானித்த அளவில், ஒரு பொதியில் வைக்கப்பட்ட பொருள். பொதி ஒட்டி மூடியிருக்கிறதா இல்லையா என்பது கணக்கில் வராது.

“லேபிளே ஒட்டாமல் விட்டால் வரி வராதல்லவா?” என்று கேட்பவர்கள் நிறைய. வரும். அந்தப் பொதி சட்டப்படி விவரங்களைத் தாங்கியிருக்க *வேண்டியதா* என்பதுதான் கேள்வி, தாங்கியிருக்கிறதா என்பது அல்ல. லேபிளைத் தவிர்த்தால் வரியும் மிஞ்சாது, எடையளவுச் சட்டத்தில் தனியாக அபராதமும் சேரும்.

எந்த மீனுக்கு என்ன வரி

உயிர்மீன், ஐஸ் போட்ட பச்சை மீன் இரண்டுக்கும் எப்போதும் வரி இல்லை. உறைந்த முழு மீன் (எச்எஸ்என் எனும் சரக்கு வகைப்பாட்டு எண் 0303), உறைந்த ஃபில்லெட், அதாவது முள் நீக்கிய சதைத் துண்டு (0304), உறைந்த இறால், நண்டு (0306), உறைந்த கணவாய் (0307) ஆகியவை முன்பொதியாக இருந்தால் 5%, இல்லையென்றால் வரி இல்லை. ரொட்டித்தூள் பூசியது, வேகவைத்தது, டின்னில் அடைத்தது எல்லாம் 1604, 1605 தலைப்புக்குப் போய்விடும். அங்கே பொதி கணக்கே கிடையாது, எப்படி விற்றாலும் வரி உண்டு. அந்த வரி 12 சதவீதமாக இருந்து, 2025 செப்டம்பர் 22 முதல் 5 சதவீதமாகக் குறைந்தது. பழைய பில்லிங் மென்பொருளில் ஃபிஷ் ஃபிங்கருக்கு இன்னும் 12 ஓடிக்கொண்டிருந்தால் உடனே மாற்றுங்கள்.

அடுத்தது 25 கிலோ வரம்பு. ஒரே பொதியில் 25 கிலோவுக்கு மேல் இருந்தால் அது முன்பொதிக் கணக்கில் வராது. ஆனால் அரை கிலோ பாக்கெட்டுகள் 60-ஐ ஒரு பெரிய பெட்டியில் போட்டு “இது 30 கிலோ” என்று சொல்ல முடியாது. உள்ளே இருப்பவை சில்லறைப் பொதிகள் என்பதால் வரி உண்டு. பத்து 2 கிலோ பிளாக் (கட்டியாக உறையவைத்த மீன்) அடுக்கிய 20 கிலோ கார்ட்டனை ஒரு ஹோட்டல் தன் சொந்தச் சமையலுக்காகக் கம்பெனியிடமிருந்து நேரடியாக வாங்கினால், அது நிறுவனப் பயன்பாட்டுப் பொதி. முன்பொதி விதிகளுக்கு வெளியே நிற்கும். அதே கார்ட்டன் மறுவிற்பனைக்காகக் கடைக்குப் போனால் உள்ளே வந்துவிடும். வாங்குபவர் யார், எதற்காக வாங்குகிறார் என்பது இன்வாய்ஸில் தெளிவாக இருக்கட்டும். பின்னால் வரும் நோட்டீஸ்களில் இந்தக் குழப்பம் அடிக்கடி தலைகாட்டும்.

பாக்கெட்டாக வாங்கி, பிரித்து, எடை போட்டுச் சில்லறையாக விற்கும் கடைக்காரருக்குத் தன் விற்பனையில் வரி இல்லை. அவர் வாங்கும்போது கொடுத்த 5 சதவீதத்தைத் திரும்ப எடுக்கவும் முடியாது.

வரி இல்லை என்றதும் லாபம் என்று நினைக்க வேண்டாம். மீனை வேகமாக உறையவைக்கும் பிளாஸ்ட் ஃப்ரீசருக்கு 18%, பிளாஸ்டிக் உறைக்கு 18% கொடுத்திருப்பீர்கள். வரியில்லா மீனை மட்டும் விற்றால் அந்த உள்ளீட்டு வரி முழுவதும் உங்கள் செலவு. 5% பாக்கெட் விற்பவர் அதைக் கழித்துக்கொள்ளலாம். இரண்டும் கலந்து விற்பவர் வரியில்லா விற்பனையின் விகிதத்துக்கு உள்ளீட்டு வரியைத் திருப்பிக் கட்ட வேண்டும். மாதக் கடைசியில் மொத்தமாகப் பிரிக்கலாம் என்று விட்டால் குழம்பும். பச்சை, உறைந்த சில்லறை, உறைந்த பாக்கெட் என்று மூன்று கணக்குத் தலைப்புகளை முதல் நாளே பிரித்து வையுங்கள்.

வரியில்லா மீனை மட்டும் விற்பவர் ஜிஎஸ்டி பதிவு எடுக்க வேண்டியதில்லை. பாக்கெட்டும் விற்றால், தமிழ்நாட்டில் ஆண்டு விற்றுமுதல் 40 லட்சம் ரூபாயைத் தாண்டும்போது பதிவு கட்டாயம். புதுச்சேரியில் வரம்பு 20 லட்சம்தான். இந்த வரம்பைக் கணக்கிடும்போது வரியில்லா விற்பனையும் சேரும். “பாக்கெட் விற்பனை 6 லட்சம்தானே” என்று இருந்துவிட்டுச் சிக்குவது இதனால்தான்.

லேபிளில் இருக்க வேண்டியவை

இரண்டு சட்டங்கள் ஒரே லேபிளில் இடம் கேட்கின்றன. உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் (எஃப்எஸ்எஸ்ஏஐ) விதிப்படி மீனின் பெயர், ஆணையத்தின் முத்திரையும் 14 இலக்க உரிம எண்ணும், லாட் எண் (எந்தத் தயாரிப்புத் தொகுதி என்பதைக் காட்டுவது), பொதிந்த தேதி, எந்தத் தேதிக்குள் பயன்படுத்த வேண்டும் என்பது, சேமிக்கும் முறை, அசைவக் குறி ஆகியவை வேண்டும். அசைவக் குறி முன்பு கட்டத்துக்குள் பழுப்பு வட்டமாக இருந்தது, இப்போது பழுப்பு முக்கோணம். பழைய அச்சு உருளையில் (சிலிண்டர்) அச்சடித்த உறை மிச்சம் இருந்தால் அதைப் பார்த்துக்கொள்ளுங்கள். மீனும் இறால், நண்டு வகையும் ஒவ்வாமைப் பட்டியலில் உள்ளவை என்பதால் அந்த அறிவிப்பையும் விடக் கூடாது. எடையளவு விதிகளின் பங்குக்கு நிகர எடை, எல்லா வரிகளும் உட்பட்ட அதிகபட்ச சில்லறை விலை, ஓர் அலகின் விலை, பொதிந்தவரின் முகவரி, புகாருக்கான தொடர்பு. இறக்குமதியான பாசா ஃபில்லெட் என்றால் எந்த நாட்டுப் பொருள், இறக்குமதி செய்தவர் யார் என்பதும் சேரும்.

மீனின் பெயரை எழுதுவதில் சோம்பல் படாதீர்கள். ‘கடல் மீன் ஃபில்லெட்’ என்று பொதுவாகப் போட்டு உள்ளே வளர்ப்பு மீனை வைத்தால் அது தவறான முத்திரை. உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் 52-ஆம் பிரிவில் அபராதம் 3 லட்சம் ரூபாய் வரை போகும்.

கிளேஸ்: எடையில் நடக்கும் விளையாட்டு

தனித்தனியாக உறையவைத்த (ஐக்யூஎஃப்) துண்டுகளின் மேல் கண்ணாடி மாதிரி ஒரு பனிப்படலம் இருக்கும். உறைந்த மீனை ஐஸ் தண்ணீரில் சில நொடி முக்கி எடுப்பதால் வருவது அது, தொழிலில் கிளேஸ் என்பார்கள். தேவையான வேலைதான். படலம் இல்லாவிட்டால் ஃப்ரீசரின் வறண்ட காற்று மீனின் ஈரத்தை உறிஞ்சும், கொழுப்பு காற்றோடு சேர்ந்து காறல் வாடை வரும். எடையில் 10 சதவீதத்தை ஒட்டிய கிளேஸ் இதற்குப் போதும். இரண்டு மூன்று தடவை முக்கி 20, 25 சதவீதம் ஏற்றுவது மீனுக்காக அல்ல.

லேபிளில் எழுதும் நிகர எடை, கிளேஸ் நீங்கிய மீனின் எடையாக இருக்க வேண்டும் என்பது விதி. ஐஸோடு சேர்த்து 1 கிலோ என்று 600 ரூபாய்க்கு விற்கும் பாக்கெட்டில் கிளேஸ் 20% என்றால் உள்ளே மீன் 800 கிராம். கிலோ 750 ரூபாய்க்கு வாங்கியிருக்கிறீர்கள்.

சோதிப்பது எளிது. பாக்கெட்டை ஃப்ரீசரிலிருந்து எடுத்த உடனே பிரித்து, துண்டுகளைச் சல்லடையில் போட்டு, குளிர்ந்த தண்ணீரை மெல்லிய சாரலாக விடுங்கள். விரலுக்கு வழுவழுப்பு போய்த் தோலின் சொரசொரப்பு தட்டும் கணத்தில் நிறுத்துங்கள். மீன் உள்ளே இன்னும் கல்லாக இருக்க வேண்டும். இளகிவிட்டால் மீனின் சொந்த நீரும் வெளியேறி எடை குறைவாகக் காட்டும், அது விற்றவருக்கு அநியாயம். சல்லடையைச் சாய்த்து இரண்டு நிமிடம் வடியவிட்டு எடை போடுங்கள். 500 கிராம் பாக்கெட்டுக்கு எடையளவு விதிகள் அனுமதிக்கும் பிழை 15 கிராம். 485-க்குக் கீழே போனால் புகாருக்கு இடம் உண்டு.

மைனஸ் 18 ஏன்

உறைமீனின் நடுப்பகுதி மைனஸ் 18 டிகிரிக்கு வந்திருக்க வேண்டும், கடைசி வரை அதே குளிரில் இருக்க வேண்டும். கம்பெனியில் மைனஸ் 40-ல் பிளேட் ஃப்ரீசரோ பிளாஸ்டோ போடுவது, மைனஸ் 1 முதல் மைனஸ் 5 வரையிலான கட்டத்தை வேகமாகத் தாண்டத்தான். மீனின் நீரில் பெரும்பகுதி உறைவது அந்த இடைவெளியில். மெதுவாகத் தாண்டினால் பனிப்படிகம் பெரிதாக வளர்ந்து சதையைக் கிழிக்கும். உருக்கும்போது நீராக வடிந்து, வறுத்தால் சக்கையாக வருவது அதனால். வீட்டு ஃப்ரீசரிலோ கடையின் டீப் ஃப்ரீசரிலோ பச்சை மீனைப் போட்டு ‘ஃப்ரோசன்’ ஆக்கினால் இதுதான் நடக்கும். அவை உறைந்ததை உறைந்தபடி காக்கச் செய்யப்பட்டவை.

வழியில் உருகி மறுபடி உறைந்த பாக்கெட்டைக் கையிலேயே கண்டுபிடிக்கலாம். ஐக்யூஎஃப் துண்டுகள் குலுக்கினால் கலகலவென்று சத்தம் தர வேண்டும். ஒரே கட்டியாக ஒட்டியிருந்தால் சந்தேகம். மூலையில் செந்நிற நீர் உறைந்து கிடந்தால் சந்தேகமே வேண்டாம். மின்கட்டணம் மிச்சம் என்று இரவில் ஃப்ரீசரை நிறுத்தும் கடைகளிலும், முன்கூட்டிக் குளிர்த்தாத வண்டியில் சரக்கு ஏற்றும்போதும் இது நேர்கிறது. வண்டியின் எந்திரம் இருக்கும் குளிரைக் காக்கும், சூடான பெட்டியையும் சரக்கையும் சேர்த்து இறக்க அதனால் ஆகாது.

சூரை, கானாங்கெளுத்தி போன்றவற்றில் இன்னொரு சிக்கல் ஹிஸ்டமின், சாப்பிட்டவருக்கு ஒவ்வாமை போன்ற நச்சு விளைவைத் தரும் வேதிப்பொருள். பிடித்த படகில் ஐஸ் பற்றாமல் போன சில மணி நேரத்தில் உண்டாவது. அப்புறம் உறையவைத்தாலும் வேகவைத்தாலும் போகாது. ஒரு லாட்டிலிருந்து 9 மாதிரி எடுத்தால் அதிகபட்சம் இரண்டில் மட்டும் ஹிஸ்டமின் கிலோவுக்கு 100 முதல் 200 மில்லிகிராமுக்குள் இருக்கலாம், 200-ஐ ஒன்றுகூடத் தாண்டக் கூடாது. இந்த மீன்களை வாங்கும் கம்பெனி, படகின் ஐஸ் நிலவரத்தைக் கேட்காமல் விலை பேசினால் பிறகு வருந்தும்.

ஏற்றுமதிச் சரக்கு உள்ளூருக்குத் திரும்பும்போது

2024-25-இல் இந்தியாவின் கடலுணவு ஏற்றுமதி 16,98,170 டன், மதிப்பு 62,408 கோடி ரூபாய். உறைந்த இறாலுக்கு அடுத்த இடம் உறைமீனுக்கு, 62.26 கோடி டாலர். குஜராத்தின் வெராவலிலிருந்து சீனாவுக்குப் போகும் சாவாளை அதில் நன்கு அறியப்பட்ட சரக்கு. ஏற்றுமதிக்குக் கடல்பொருள் ஏற்றுமதி மேம்பாட்டு ஆணையத்தில் (எம்பிஇடிஏ) பதிவும், ஏற்றுமதி ஆய்வுக் கவுன்சிலின் அங்கீகாரமும் வேண்டும். கடலில் பிடித்த மீன் ஐரோப்பாவுக்குப் போனால் சட்டப்படி பிடித்தது என்பதற்கான பிடிப்புச் சான்றிதழ், சீனாவுக்குப் போனால் அந்நாட்டுச் சுங்கத்தில் ஆலைப் பதிவு. ஜிஎஸ்டியில் ஏற்றுமதி பூஜ்ய வரி. ஒவ்வொரு நிதியாண்டும் உறுதிப் பத்திரம் (எல்யூடி) போட்டுவிட்டால் வரி கட்டாமலே அனுப்பலாம், உள்ளீட்டு வரியையும் திரும்பக் கேட்கலாம். ஏப்ரலில் புதுப்பிக்க மறந்து முதல் கண்டெய்னரை அனுப்பிவிட்டு விழிப்பவர்கள் ஆண்டுதோறும் உண்டு.

2025 ஆகஸ்ட் 27 முதல் அமெரிக்கா இந்தியச் சரக்குக்கு 50% வரி போட்டபோது இறால் கம்பெனிகளின் கண் உள்ளூர்ச் சந்தைப் பக்கம் திரும்பியது. ஏற்றுமதிக்கு அச்சடித்த பாக்கெட்டை அப்படியே இங்கே விற்கக் கூடாது. உரிம எண், அசைவக் குறி, அதிகபட்ச விலை, அலகு விலை எல்லாம் சேர்த்து மறுலேபிள் செய்து, 5% வரியோடு பில் போட வேண்டும். வாங்கும் நாட்டுக்காரர் கேட்ட கிளேஸ் அளவு இங்கே செல்லாது. அரை கிலோ என்றால் கிளேஸ் நீங்கலாக அரை கிலோ.

குறை கண்டால்

எடைக் குறைவு, விலைப் புகார்களுக்குத் தமிழ்நாட்டில் தொழிலாளர் துறையின் எடையளவுப் பிரிவு. தரம், கெட்டுப்போன மீன், தவறான பெயர் என்றால் மாவட்ட உணவுப் பாதுகாப்பு நியமன அலுவலர். எங்கே போவது என்று தெரியாவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. பில், உறை இரண்டையும் தூக்கி எறியாதீர்கள், லாட் எண் இல்லாத புகார் ஆலை வரைக்கும் போய்ச் சேராது.

அதிகாரி வரும்வரை காத்திருக்கவும் வேண்டியதில்லை. உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் 40-ஆம் பிரிவின்படி வாங்கியவரே கட்டணம் கட்டி உணவுப் பகுப்பாய்வாளரிடம் மாதிரியைச் சோதிக்கக் கொடுக்கலாம். விதி மீறல் உறுதியானால் கட்டணம் திரும்பக் கிடைக்கும். ஒரே லாட்டில் பிரிக்காத பாக்கெட் இன்னொன்று வாங்கி, ஐஸ் நிரப்பிய தெர்மோகோல் பெட்டியில் வைத்துக் கொண்டுபோங்கள். உருகிய பாக்கெட்டைக் கொடுத்தால் கெட்டது கடையிலா, வழியிலா என்ற கேள்வியிலேயே புகார் நின்றுவிடும்.