நியூஸ்பீக் – புதுப்பேச்சு

தமிழ் எழுத்தில் ‘நியூஸ்பீக்’ என்று பார்த்ததும் ஏதோ செய்திச் சேனலின் பெயர் போலத் தோன்றும். நியூஸுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. நியூ, ஸ்பீக் என்று பிரித்துப் படிக்க வேண்டும். 1949இல் வெளிவந்த ‘1984’ நாவலுக்காக ஆங்கில எழுத்தாளர் ஜார்ஜ் ஆர்வெல் உண்டாக்கிய சொல் இது. கதையில் வரும் ஓசியானியா என்ற வல்லரசின் ஆட்சிமொழி. 2050 வாக்கில், ‘ஓல்ட்ஸ்பீக்’ என்று அங்கே அழைக்கப்படும் வழக்கமான ஆங்கிலத்தை ஒழித்துவிட்டு அந்த இடத்தைப் பிடிப்பதாகத் திட்டம்.

மற்ற மொழிகளின் அகராதி பதிப்புக்குப் பதிப்பு பருக்கும். இதன் அகராதி மெலியும். பதினோராம் பதிப்பில் வேலை பார்க்கும் சைம் என்ற மொழியறிஞர், சொற்களை அழிப்பது எவ்வளவு அழகான வேலை என்று கேண்டீனில் சாப்பிட்டபடியே பூரிக்கிறார். ‘நல்லது’ இருக்கையில் ‘கெட்டது’ எதற்கு? ‘அநல்லது’ போதும். அருமை, அற்புதம், பிரமாதம் எல்லாவற்றுக்கும் சேர்த்து ‘மிகைநல்லது’. அதுவும் போதாவிட்டால் ‘இருமிகைநல்லது’. தமிழில் நாக்கு கூசுகிறதா? ஆங்கிலத்திலும் அப்படித்தான். எதிர்ப்பைச் சொல்லச் சொல்லே இல்லாமல் போனால் எதிர்க்கும் நினைப்பும் எழாது என்பது ஓசியானியாவை ஆளும் கட்சியின் கணக்கு. அவ்வளவு விசுவாசியான சைமும் ஒருநாள் காணாமல் போகிறார். அவர் இருந்த சதுரங்கக் குழுவின் பட்டியலில் அடித்தல் திருத்தல் ஏதுமில்லை, ஒரு பெயர் மட்டும் குறைந்திருக்கும்.

சொல்லை விட்டுவைத்தாலும் பொருளைப் பிடுங்கிவிடுவார்கள். இந்த நாய் உண்ணியிலிருந்து விடுபட்டது, இந்த வயல் களையிலிருந்து விடுபட்டது என்று சொல்லலாம். மனிதன் அடிமைத்தளையிலிருந்து விடுபட்டான் என்று சொல்ல வழியில்லை.

சுருக்கப்பெயர்கள் இன்னொரு உத்தி. நாஜி, கெஸ்டாபோ (நாஜிகளின் ரகசியப் போலீஸ்), காமின்டர்ன் (கம்யூனிஸ்ட் அகிலம் என்ற உலகக் கம்யூனிஸ்ட் கட்சிகளின் அமைப்பு) என்று நிஜ உலகிலிருந்தே நாவலின் பின்னிணைப்பில் எடுத்துக்காட்டுகிறார் ஆர்வெல். ‘கம்யூனிஸ்ட் அகிலம்’ என்றால் செங்கொடியும் மார்க்ஸும் பாரிஸ் கம்யூனும் மனதில் வந்து நிற்கும். ‘காமின்டர்ன்’ என்பதை யோசிக்காமலே சொல்லிவிட்டுப் போகலாம்.

இன்று பூசிமெழுகும் அறிக்கை எதுவானாலும் அதை நியூஸ்பீக் என்கிறார்கள். அது பிழை என்பேன். கட்டண உயர்வைக் ‘கட்டண மாற்றியமைப்பு’ என்பது, செத்தாரைத் ‘துஞ்சினார்’ என்னும் மங்கல வழக்கின் கெட்டுப்போன வாரிசு. ‘உயர்வு’ என்ற சொல் டீக்கடையில் பத்திரமாகவே இருக்கிறது. யாரும் அகராதியிலிருந்து வெட்டவில்லை. இப்படிப் பூசிமெழுகும் பேச்சைக் குறிக்கும் ‘டபுள்ஸ்பீக்’ என்பதையும் ஆர்வெல் தலையில் கட்டுகிறார்கள். அந்தச் சொல் நாவலிலேயே கிடையாது. அங்கே இருப்பது ‘டபுள்திங்க்’, அதாவது ஒன்றுக்கொன்று முரணான இரண்டையும் ஒருசேர நம்பும் இரட்டைச் சிந்தனை.

தமிழில் ‘புதுமொழி’ என்றால் பழமொழியைத் திருப்பிப்போட்டு அடிக்கும் நகைச்சுவை என்றே பலருக்கும் படும். ஆகவே ‘புதுப்பேச்சு’. ஓல்ட்ஸ்பீக்குக்குப் ‘பழம்பேச்சு’, டக்ஸ்பீக்குக்கு ‘வாத்துப்பேச்சு’ என்று வரிசையும் தானாக அமைந்துவிடுகிறது. வாத்துப்பேச்சு என்பது மூளையைத் தொடாமல் தொண்டையிலிருந்து நேராக வரும் பேச்சு. எதிராளியைப் பற்றிச் சொன்னால் வசை, நம்மாளைப் பற்றிச் சொன்னால் பாராட்டு.