நேர்முக வர்ணனை: சொல் விளக்கம்

பக்கத்து வீட்டுச் சண்டையை ஜன்னலோரம் நின்று பார்த்து, யார் கதவைச் சாத்தினார், யார் பாத்திரத்தை எறிந்தார் என்று உள்ளே இருப்பவர்களுக்கு ஒன்றுவிடாமல் சொல்பவரிடம், "போதும் உன் ரன்னிங் கமெண்டரி" என்போம். அதற்கு வானொலி நிலையங்கள் வைத்த தமிழ்ப் பெயர் நேர்முக வர்ணனை. அச்சிலும் அறிவிப்பிலும் அது நிலைத்துவிட்டது. வாய்ப்பேச்சில் மட்டும் ஆங்கிலமே ஓடுகிறது. ஒன்றுக்கு மற்றொன்று மொழிபெயர்ப்பு என்றுதான் பலரும் நினைக்கிறோம். அப்படி இல்லை. தமிழ்ச் சொல் வேறொன்றைச் சொல்கிறது, அதுவும் கூடுதல் சரியாகச் சொல்கிறது என்பது என் கட்சி.

கமெண்டரி என்பதன் வேர் லத்தீன். மனத்தைக் குறிக்கும் 'மென்ஸ்' என்ற சொல்லிலிருந்து, எண்ணிப் பார்த்தல், பிறகு நினைவுக்காகக் குறித்துவைத்தல் என்று பொருள் வளர்ந்தது. 'கமெண்டாரியுஸ்' என்றால் குறிப்பேடு. இன்றைய பிரான்ஸ் பகுதியான 'கால்' (Gaul) நாட்டுப் போரைப் பற்றி ஜூலியஸ் சீசர் எழுதிய நூலுக்கு அதன் பன்மை வடிவமே பெயர். பின்னாளில் பழைய நூல்களுக்கு அறிஞர்கள் எழுதிய விளக்கங்கள் இந்தப் பெயரைப் பெற்றன. நம் கணக்கில் அது உரை. திருக்குறளுக்குப் பரிமேலழகர் எழுதியது கமெண்டரி. 'ரன்னிங்' என்ற அடைமொழிக்கும் ஓட்டப் பந்தயத்துக்கும் சம்பந்தமில்லை; மூல நூலின் அடிகளோடு கூடவே, எதையும் விட்டுவிடாமல் தொடரும் உரை என்பதுதான் முதற்பொருள். மூலம் ஓடும் வரை உரையும் ஓடும்.

வானொலி வந்ததும் சொல்லின் பிழைப்பு மாறியது. 1927 ஜனவரி 15 அன்று லண்டன் டிவிக்கன்ஹாம் மைதானத்தில் இங்கிலாந்தும் வேல்ஸும் ரக்பி ஆடின. பிபிசி அதை நேரடியாக ஒலிபரப்பியது. மைக்கின் முன் அமர்ந்தவர் டெடி வேக்லம். அவருக்கு முன்மாதிரியாகக் கொள்ள நாட்டில் எவரும் இல்லை. மைதானத்தைக் கட்டங்களாகப் பிரித்து எண் போட்டு, அந்தப் படத்தை பிபிசியின் நிகழ்ச்சி இதழில் அச்சிட்டிருந்தார்கள். பந்து எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று இன்னொரு குரல் எண்ணை மட்டும் சொல்லிக்கொண்டே வரும். கேட்பவர் மடியில் படத்தை விரித்து வைத்துக்கொண்டு விரலால் பின்தொடரலாம். இதைவிட நல்ல ஏற்பாடு ஒன்றும் அன்று நடந்தது. வர்ணனைக் கூண்டில் பார்வையற்ற ஒருவரை உட்கார வைத்தார்கள். இவருக்குச் சொல்வதாக நினைத்துக்கொண்டு சொல் என்பதுதான் வேக்லமுக்குக் கிடைத்த பயிற்சி. கெட்ட வார்த்தை பேசாதே என்று எழுதிய அட்டையும் எதிரே இருந்தது. அது வேறு கதை.

முதல் வர்ணனையாளர் சஞ்சயன்தான் என்று மேடைதோறும் சொல்வார்கள். கேட்டுக் கேட்டு எனக்குச் சலித்துவிட்டது. ஆனாலும் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும்: குருட்சேத்திரத்துக் கதையைக் கேட்டவரும் பார்வையற்றவர்தான். மூலம் கண்ணுக்குத் தெரியாத ஒருவருக்கு உரை சொல்லிப் பயனில்லை. அவருக்குத் தேவை மூலமே. ஆங்கிலம் பழைய சொல்லை வைத்துக்கொண்டு சமாளித்த இந்த இடத்தில்தான் தமிழ் வேறு சொல்லைத் தேடிப் போனது.

வர்ணனை வடமொழிச் சொல். நிறம் என்ற பொருளுள்ள 'வர்ண' என்பதிலிருந்து, நிறம் தீட்டுதல், எடுத்துச் சித்திரித்தல் என்று வளர்ந்தது. தமிழ் எழுத்தில் வருணனை என்றும் எழுதலாம்; வண்ணனை என்ற வடிவமும் உண்டு. மொழியியல் மாணவர்கள் 'வண்ணனை மொழியியல்' என்று படிப்பது இதைத்தான்: மொழி எப்படி இருக்க வேண்டும் என்று சட்டம் போடாமல், எப்படி இருக்கிறதோ அப்படியே எடுத்துரைக்கும் துறை. வர்ணனையாளரின் வேலைக்கும் இதைவிட நல்ல இலக்கணம் கிடையாது.

வண்ணம் என்ற சொல்லுக்குத் தமிழில் இன்னொரு பொருளும் உண்டு. தொல்காப்பியச் செய்யுளியல் இருபது வண்ணங்களைச் சொல்கிறது. அவற்றில் ஒன்றுகூட நிறம் அல்ல. எல்லாம் ஓசையின் நடைகள். ஒழுகு வண்ணம், தூங்கல் வண்ணம், ஏந்தல் வண்ணம், உருட்டு வண்ணம், முடுகு வண்ணம், நடுவே ஒரு சித்திர வண்ணம். பழைய ஆட்ட வர்ணனைகளைக் கேட்டவர்களுக்கு இந்தப் பட்டியல் பழகிய பட்டியல்தான். பந்துவீச்சாளர் மெல்ல நடந்து திரும்பும்போது குரல் ஒழுகும். பந்து எல்லைக்கோட்டை நோக்கி உருளும்போது குரலும் உருளும். ரன் அவுட் என்றால் முடுகும். ஒரே சொல்லில் நிறமும் ஓசையும். வானொலிக்கு வேறென்ன வேண்டும்? தனித்தமிழ் பழகுவோர் நேர்முக வண்ணனை என்று எழுதினால் எனக்கு ஆட்சேபம் இல்லை. சொல் விலகிப் போகவில்லை, பாதி வீட்டுக்குத் திரும்பியிருக்கிறது.

'நேர்முகம்' மட்டும் கொஞ்சம் இடறும். நேர்முகத் தேர்வு என்று வேலைக்கான பேட்டியைச் சொல்கிறோம். அதனால் நேர்முகம் என்றதும் மேசைக்கு அப்பால் மூன்று பேர் உட்கார்ந்திருப்பது நினைவுக்கு வருகிறது. இங்கே அதன் பொருள் நிகழ்ச்சிக்கு நேராக முகம் வைத்து என்பதுதான். நேரடி வர்ணனை என்றும் எழுதுகிறார்கள். நேரலை என்பது தொலைக்காட்சிக் காலத்து ஆக்கம், அழகான ஆக்கம். ஆனால் அது அலையைச் சொல்கிறது, ஆளைச் சொல்லவில்லை. நேர்முகம் என்ற சொல்லில் ஒரு முகம் இருக்கிறது. அங்கே போய் நின்று பார்த்த முகம்.

அப்படி நின்ற ஒருவரைச் சொல்லாமல் இந்தச் சொல்லை விளக்க முடியாது. மெல்வில் டி மெல்லோ (1913–1989), அகில இந்திய வானொலியின் ஆங்கிலக் குரல். 1948 ஜனவரி 31, காந்தியின் இறுதி ஊர்வலம். முந்தைய நாள் மாலை பிர்லா மாளிகைத் தோட்டத்தில் சுடப்பட்டவரின் உடல், நண்பகலுக்குச் சற்று முன் அங்கிருந்து யமுனைக் கரைக்குப் புறப்பட்டது. ராணுவ வண்டியின் இன்ஜினை நிறுத்திவிட்டு, முப்படை வீரர்கள் வடம் பிடித்து இழுத்தார்கள். விமானங்கள் மேலிருந்து ரோஜா இதழ்களைத் தூவின. டி மெல்லோ வானொலி நிலையத்தின் வண்டியில் நின்று ஏறக்குறைய ஏழு மணி நேரம் பேசினார்.

ஏழு மணி நேரம் என்பதைக் கொஞ்சம் நிறுத்தி யோசிக்க வேண்டும். ஆட்டம் என்றால் கணக்கு இருக்கிறது. ஒன்றும் நடக்காதபோது ஓட்டங்களின் எண்ணிக்கையைத் திருப்பிச் சொல்லலாம். பழைய சாதனைகளை எடுத்துவிடலாம். பக்கத்தில் இருப்பவரிடம் கருத்துக் கேட்கலாம். இறுதி ஊர்வலத்தில் கணக்கு இல்லை, திருப்பம் இல்லை, முடிவு எல்லோருக்கும் தெரியும். நடந்தே போனாலும் இரண்டு மணி நேரத்தில் முடியும் தூரம். அன்று அது அங்குலம் அங்குலமாக நகர்ந்தது. சொல்ல வேண்டியதெல்லாம் கண்ணுக்கு முன்னால் தெரியும் கூட்டமும் தூசியும் பூவும் கோஷமும், அவற்றுக்கு இடையே வரும் மௌனமும்தான். கையில் எழுதிய தாள் கிடையாது. செய்தி வாசிப்பாளருக்கும் வர்ணனையாளருக்கும் உள்ள வித்தியாசம் அந்தத் தாள்தான். "ஆகாசவாணி, செய்திகள் வாசிப்பது சரோஜ் நாராயணசுவாமி" என்ற குரலில் வாசிப்பது என்ற வினையே வேலையின் இயல்பைச் சொல்லிவிடுகிறது. டி மெல்லோ செய்தியும் வாசித்தவர். அன்று அவருக்கு வாசிக்க எதுவும் இல்லை, பார்க்க மட்டுமே இருந்தது.

கேட்டவர்கள் எத்தனை பேர்? விடுதலையின்போது நாட்டில் இருந்த வானொலி நிலையங்கள் ஆறு: டெல்லி, பம்பாய், கல்கத்தா, லக்னோ, சென்னை, திருச்சி. வானொலிப் பெட்டிகள் சுமார் 2,75,000. மூன்று லட்சம் பெட்டிகூட இல்லாத தேசத்தில் ஒரு பெட்டியைச் சுற்றி ஒரு தெருவே நின்றிருக்கும். அவர்களில் ஆங்கிலம் புரிந்தவர்கள் கொஞ்சம்தான். ஆனால் வர்ணனையில் பாதி ஓசை என்று மேலே சொன்னேன் அல்லவா? அந்தப் பாதிக்கு மொழி தேவையில்லை.

டி மெல்லோ ஆங்கிலோ இந்தியர். இதுவும் பொருள் புரண்ட சொல், எனவே ஒரு வார்த்தை. 19ஆம் நூற்றாண்டில் இந்தியாவில் வந்து வாழ்ந்த அசல் ஆங்கிலேயர்களைத்தான் அது குறித்தது. கலப்பு மரபினரை யூரேசியர் என்றார்கள். 1911இல் அரசு இந்தப் பெயரை எடுத்து அவர்களுக்குக் கொடுத்தது. நம் அரசியலமைப்பின் 366ஆவது பிரிவு தரும் இலக்கணம் இன்னும் வேடிக்கை: தந்தை வழியில் ஐரோப்பியர் இருக்க வேண்டும், குடும்பம் இந்தியாவில் நிலைத்திருக்க வேண்டும். ஆக, தந்தை இந்தியர், தாய் ஆங்கிலேயர் என்றால் சட்டத்தின் கண்ணில் அவர் ஆங்கிலோ இந்தியர் அல்லர். மரபு பாதிப் பாதி, ஆனால் எந்தப் பாதி எந்தப் பக்கம் என்பதில் சட்டம் கறாராக இருக்கிறது. தமிழில் இவர்களைச் சட்டைக்காரர் என்று சொல்லும் வழக்கம் இருந்தது. உடையை வைத்து வந்த பெயர், இளக்காரம் ஒட்டியது, அதை எழுதாமல் விடுவதே மரியாதை. ஆங்கிலோ இந்தியர் என்பதை அப்படியே வைத்துக்கொள்ளலாம்.

ஆங்கிலம் வீட்டு மொழியாக இருந்த சமூகம் அது. ரயில்வேயிலும் தந்தித் துறையிலும் நிறையப் பேர் வேலை பார்த்தார்கள். கம்பி வழியே செய்தி அனுப்பிய சமூகத்திலிருந்து கம்பியில்லாமல் செய்தி சொல்ல ஒருவர் வந்தார் என்று சொல்லத் தோன்றுகிறது. கொஞ்சம் அலங்காரம்தான், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1963இல் அவருக்குப் பத்மஸ்ரீ கிடைத்தது. மறு ஆண்டு கிர் காட்டுச் சிங்கங்களைப் பற்றி அவர் செய்த வானொலி நிகழ்ச்சி 'இத்தாலியா பரிசு' (Prix Italia) என்ற பன்னாட்டு ஒலிபரப்புப் பரிசைப் பெற்றது. அந்த வகை நிகழ்ச்சிக்குத் தமிழ் வானொலியில் உரைச்சித்திரம் என்று பெயர். சிங்கத்தைக் காதால் பார்க்கவைப்பதற்கு இதைவிடப் பொருத்தமான பெயரை நான் எந்த மொழியிலும் கண்டதில்லை.

தமிழில் நேர்முக வர்ணனை என்ற சொல்லை வளர்த்தவை இரண்டு: கோயிலும் கிரிக்கெட்டும். வைகுண்ட ஏகாதசி விடியலில் ஸ்ரீரங்கத்திலிருந்து திருச்சி வானொலி செய்யும் வர்ணனையில் வண்ணம் என்ற சொல்லின் முதற்பொருளுக்கே முழு வேலை. நம்பெருமாள் ரத்னாங்கி அணிந்து புறப்படும் வேளையில் எந்தக் கல், என்ன பட்டு, எந்த மாலை என்று சொல்லியாக வேண்டும். நடக்க முடியாத பாட்டி ஒருத்தி வீட்டில் கைகூப்பி உட்கார்ந்திருக்கிறாள். வேக்லம் கூண்டிலிருந்த அந்தப் பார்வையற்றவரின் இடம் இங்கே அவளுக்கு. கிரிக்கெட்டுக்கு அப்துல் ஜப்பார் போன்றவர்கள் வந்தார்கள். சேப்பாக்கத்தில் உட்கார்ந்து, வீச்சு, ஆட்டமிழப்பு, எல்லைக்கோடு என்று எளிய தமிழை வைத்தே ஆட்டத்தைக் கட்டியெழுப்பினார்கள். 'மட்டையாளர்' சொல்ல வேண்டுமா 'பேட்ஸ்மேன்' சொல்ல வேண்டுமா என்ற சச்சரவெல்லாம் எழுதுகிறவர்களுக்கு. பந்து வந்துகொண்டிருக்கும்போது வாயில் எது வருகிறதோ அதுதான் சொல்.

இப்போது தொலைக்காட்சி. ஆட்டம் கண்ணுக்கு முன்னால் இருக்கிறது. பந்து எங்கே போனது என்று சொல்ல வேண்டியதில்லை. ஏன் போனது என்று சொன்னால் போதும். களத்தடுப்பில் என்ன பிழை, மணிக்கட்டு எப்படித் திரும்பியது, அடுத்த பந்தை எங்கே போடுவார். இது வர்ணனை அல்ல, மூலத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய்யும் உரை. பரிமேலழகர் வேலை. ஆங்கிலம் இரண்டுக்கும் ஒரே பெயரை வைத்துக்கொண்டதால் அங்கே குழப்பம் வெளியே தெரியவில்லை. நம்மிடம் இரண்டு சொற்கள் இருந்தும் பத்திரிகைகள் எல்லோரையும் வர்ணனையாளர் என்றே எழுதுகின்றன. போதாக்குறைக்கு, மைக் பிடித்தவர் எவரானாலும் தொகுப்பாளர் என்கிறோம். அறிவிப்பாளர், வாசிப்பாளர், வர்ணனையாளர் ஆகிய மூன்று தொழில்களை அந்த ஒரு சொல் விழுங்கிக்கொண்டிருக்கிறது. தொகுப்பவர் எதைத் தொகுக்கிறார் என்று கேட்டால் பதில் வராது. தொலைக்காட்சி ஆட்டத்தில் பேசுபவரை ஆட்ட உரையாளர் என்று எழுதிப் பார்க்கலாம். பழகினால் நிற்கும்.

என் தந்தைக்கு இந்த வித்தியாசம் சொல்லாமலே தெரிந்திருந்தது. கிரிக்கெட் நாள்களில் தொலைக்காட்சியின் சத்தத்தை முழுக்கக் குறைத்துவிட்டு, அதன் மேலேயே டிரான்சிஸ்டரை வைத்துத் திருப்பிவிடுவார். படம் இங்கே, சொல் அங்கே. செயற்கைக்கோள் வழியே ஒளிபரப்பு வர ஆரம்பித்த பிறகு படம் சில நொடி பின்தங்கியது. பந்து இன்னும் வீச்சாளரின் கையில் இருக்கும். டிரான்சிஸ்டர் ஆட்டமிழந்தார் என்று கத்திவிடும். நாங்கள் எரிச்சலோடு திரும்பிப் பார்ப்போம். அவர் டிரான்சிஸ்டரை நிறுத்த மாட்டார். எழுந்து போய்த் தொலைக்காட்சியை நிறுத்துவார்.