சோள வடைக்குள் தண்ணீர் செய்யும் வேலை

வியட்நாமின் ஹனோய் நகரில் குளிர் தொடங்கினால் தெருவோர வாணலிகளில் ‘சா ங்கோ’ பொரியத் தொடங்கிவிடும். இளம் மக்காச்சோளத்தைத் துருவி, முட்டையும் வெங்காயத்தாளும் கொஞ்சம் மாவும் கலந்து, தட்டையாகத் தட்டிப் பொரித்தெடுக்கும் வடை அது. செய்முறை நாலு வரியில் அடங்கிவிடும். ஆனால் வீட்டில் செய்து பார்ப்பவர்களுக்கு இரண்டு தொல்லைகள் வருகின்றன. ஒன்று, வடை எண்ணெயில் உதிர்ந்துவிடுகிறது. இல்லாவிட்டால் எண்ணெயைக் குடித்துக் கனத்துப்போகிறது. உடனே மாவை அள்ளிக் கொட்டுகிறார்கள். வடை சேர்ந்து நிற்கும்தான். சோளத்தின் ருசி போய்விடும். எனக்கு அது வீண் வேலையாகவே படுகிறது. இரண்டு தொல்லைகளுக்கும் காரணம் சோளத்துக்குள் இருக்கும் தண்ணீர். அதன் போக்கைப் புரிந்துகொண்டால் இரண்டு மூன்று கரண்டி மாவே போதும்.

சோளமணியை நகத்தால் அழுத்திப் பாருங்கள். வெள்ளைப் பால் பீறிட்டால் அது சரியான பருவம். அந்தப் பாலில் தண்ணீரும் சர்க்கரையும் நுண்ணிய மாவுச்சத்துத் துகள்களும் இருக்கின்றன. வடையைச் சேர்த்துப் பிடிக்கும் பசை அதுதான். மணிகளை அப்படியே உதிர்த்துக் கலந்தால் பசை தோலுக்குள்ளேயே அடைபட்டுக் கிடக்கும். வடை உதிராமல் வேறென்ன செய்யும்? அதனால் கதிரை நிறுத்திப் பிடித்து, ஒவ்வொரு வரிசையின் நடுவிலும் கத்தி முனையால் ஒரு கோடு கீறிக்கொள்ளுங்கள். பிறகு மணிகளைச் சீவி எடுத்து, கத்தியின் முதுகால் கதிரை மேலிருந்து கீழே அழுத்தி வழியுங்கள். தட்டில் கெட்டியான பால் சேரும். அதில் ஒரு துளியையும் வீணாக்கக் கூடாது.

கீறுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு, அது பாதுகாப்பு பற்றியது. தண்ணீர் நீராவியாகும்போது 1,600 மடங்குக்கும் மேல் விரியும். முழு மணிக்குள் அது அடைபட்டால் தோல் வெடித்து, கொதிக்கும் எண்ணெயை முகத்தில் தெறிக்கவிடும். கீறல் இருந்தால் நீராவி அமைதியாக வெளியேறிவிடும்.

இனி பசையின் கதை. மாவுச்சத்தில் இரண்டு வகை மூலக்கூறுகள் உள்ளன: நீண்ட இழைபோன்ற அமைலோஸ், கிளை விட்டுப் பரந்த அமைலோபெக்டின். சாதாரணச் சோளத்தில் அமைலோஸ் ஏறக்குறைய கால் பங்கு. வியட்நாமியர்கள் விரும்பி அவித்துத் தின்னும் ஒட்டுச்சோளத்திலோ ஏறக்குறைய முழுவதும் அமைலோபெக்டின்தான். அதனால்தான் அது பல்லில் ஒட்டும். ஒரு துளி அயோடின் விட்டால் சாதாரணச் சோளமாவு கருநீலமாகும். ஒட்டுச்சோளமாவு செம்பழுப்பாகவே நிற்கும். 1908இல் ஷாங்காயிலிருந்த ஓர் அமெரிக்கப் பாதிரியார் இதன் விதைகளைத் தன் நாட்டுக்கு அனுப்பிவைத்தார். நெடுங்காலம் அது ஆய்வாளர்களின் ஆர்வப்பொருளாகவே இருந்தது. இரண்டாம் உலகப்போரில் தென்கிழக்கு ஆசியாவிலிருந்து வந்துகொண்டிருந்த மரவள்ளி மாவு நின்றுபோனபோது, அதன் இடத்தை நிரப்ப இந்தச் சோளத்தையே அமெரிக்கர்கள் வயலுக்குக் கொண்டுவந்தார்கள். பசைக்கு அவ்வளவு பேர்போனது!

62 முதல் 72 டிகிரி செல்சியஸுக்குள் சோள மாவுச்சத்துத் துகள்கள் தண்ணீரை உறிஞ்சி உப்பிக் குழைகின்றன. ஏறக்குறைய அதே வெப்பத்தில் முட்டையின் புரதமும் உறையத் தொடங்குகிறது. இரண்டும் சேர்ந்து மணிகளைக் கட்டிப்போடும். நம் கடைகளில் கிடைப்பது பெரும்பாலும் இனிப்புச்சோளம். அதில் சர்க்கரையும் நீரும் அதிகம், மாவுச்சத்து குறைவு. எனவே மூன்று கதிருக்கு ஒரு முட்டையோடு இரண்டு மேசைக்கரண்டி அரிசி மாவு, ஒரு மேசைக்கரண்டி சோளமாவு சேர்க்கலாம். மைதா வேண்டாம். அதிலுள்ள குளூட்டன் என்ற இழுவைப் புரதம் வடையை ரப்பர் போலாக்கும். அரிசி மாவில் குளூட்டன் இல்லை. பஜ்ஜி மொறுமொறுவென்று வர நாம் அதைச் சேர்ப்பதும் இதனால்தான். உப்பைக் கடைசியில் போடுங்கள். முன்பே போட்டால் சோளம் நீர்விட்டுக் கலவை தளர்ந்துபோகும்.

எண்ணெய் 170 முதல் 180 டிகிரி வரை சூடாக இருக்கட்டும். கலவையை இட்டதும் சடசடவென்று குமிழிகள் எழும். வெளிப்புற நீர் ஆவியாகிப் பாய்ந்து வெளியேறுவதன் அடையாளம் அது. அந்தப் பாய்ச்சல் இருக்கும்வரை எண்ணெய் பெரிதாக உள்ளே நுழைய முடியாது. ஈரம் மிச்சமிருக்கும்வரை வடையின் உட்புறம் 100 டிகிரியைத் தாண்டாது. வெளிப்புறம் மட்டும் காய்ந்து, இறுகி, பொன்னிறமாகும். சர்க்கரையும் புரதமும் சூட்டில் வினைபுரிந்து நிறமும் மணமும் தருவதை லூயி கமில் மெய்லார்டு என்ற பிரெஞ்சு வேதியியலாளர் 1912இல் விளக்கினார். இனிப்புச்சோளத்தில் சர்க்கரை மிகுதி என்பதால் நிறம் சீக்கிரம் ஏறிவிடும். தீயைக் கொஞ்சம் தணித்துக்கொள்ளுங்கள், வடையை விரற்கடை கனத்துக்கு மேல் தட்டாதீர்கள்.

பலரும் கவனிக்காத இடம் இதற்குப் பிறகுதான் வருகிறது. வடை எண்ணெய் குடிப்பது பெரும்பாலும் வாணலியைவிட்டு வெளியே எடுத்த பிறகே. ஆறத் தொடங்கியதும் உள்ளேயிருக்கும் நீராவி குளிர்ந்து நீராகிறது, அழுத்தம் இறங்குகிறது. மேற்பரப்பில் படிந்திருக்கும் எண்ணெயை, நீராவி வெளியேறிய நுண்துளைகள் உறிஞ்சிக்கொள்கின்றன. ஆகவே ஜல்லிக்கரண்டியில் அள்ளியவுடன் வாணலிக்கு மேலேயே நன்றாக உதறி, சூடு தணிவதற்குள் கம்பித்தட்டில் பரப்பிவிட வேண்டும். ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் எண்ணெயும் வடியாது, வெளிவரும் ஆவி அடுத்த வடையின் மொறுமொறுப்பையும் கெடுத்துவிடும்.

நேரம் போகப்போக உட்புற ஈரம் மேலோட்டுக்கு நகர்ந்து வடை தொய்ந்துவிடும். மறுபடியும் சூடான எண்ணெயில் ஒரு நிமிடம் போட்டெடுத்தால் மேலோட்டின் ஈரம் ஓடிவிடும், மொறுமொறுப்பு திரும்பும். விருந்தினர் வருகிற நாளில் வெளிர்நிறத்திலேயே எடுத்துவைத்துவிட்டு, பரிமாறும்போது இரண்டாம் முறை பொரித்துக்கொள்ளலாம்.

தொட்டுக்கொள்ள நெத்திலியை உப்பிட்டு மாதக்கணக்கில் புளிக்கவைத்து வடித்த மீன் சாற்றோடு எலுமிச்சைச் சாறு, சர்க்கரை, தண்ணீர், நசுக்கிய பூண்டு, மிளகாய் கலப்பார்கள். கீரையிலையில் வடையையும் நறுமண இலைகளையும் சுற்றி, அதில் தோய்த்து உண்பது வழக்கம். சாற்றை வடைமேல் ஊற்றாமல் தனிக் கிண்ணத்திலேயே வையுங்கள். பாடுபட்டு வெளியேற்றிய தண்ணீரை மேலோட்டுக்குத் திரும்பக் கொடுப்பானேன்?