நீக்கியும் திரும்பி வரும் இயக்கி

சுங்கை சிப்புட் அருகே ஒரு தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் பணிபுரியும் ஆசிரியை ஒருவர் கேட்டிருந்தார்: யூஎஸ்பி வைஃபை கருவியைச் செருகினாலே மடிக்கணினி நீலத்திரை காட்டி நின்றுவிடுகிறது, அதன் டிரைவரை, அதாவது கருவியை இயக்கும் மென்பொருளான இயக்கியை, மூன்று முறை நீக்கியும் அது எப்படித் திரும்பி வருகிறது?

பெரும்பாலான வன்பொருள் இயக்கிகள் இயங்குதளத்தின் கெர்னல் என்னும் மையப் பகுதிக்குள்ளேயே இயங்குவதால், அவற்றில் ஒன்று தவறான நினைவகத்தைத் தொட்டாலும், தரவு மேலும் கெடாதிருக்க விண்டோஸ் தானே நின்றுவிடுகிறது. நீலத்திரையில் தெரியும் கோப்பின் பெயரையே குற்றவாளியாகக் கொள்ள வேண்டாம். ஓர் இயக்கி கெடுத்த நினைவகத்தில் இன்னொன்று இடறி விழுவதுண்டு. கருவியைக் கழற்றியதும் கணினி சீராக ஓடுகிறதா என்பதே நல்ல சோதனை.

திரும்பி வரும் விதம்தான் அழகு. செருகிய கணத்தில் கருவி, தயாரிப்பாளருக்கு ஒன்று, பொருளுக்கு ஒன்று என இரண்டு 16 பிட் எண்களைச் சொல்கிறது. விண்டோஸ் அவ்வெண்களை, விஸ்டா என்னும் பதிப்பின் காலம் முதல் தன்னிடமுள்ள டிரைவர் ஸ்டோர் என்னும் களஞ்சியத்தில் தேடி, பொருந்துபவற்றுள் தரவரிசையில் முந்தியதை நிறுவுகிறது. வரிசை சமமானால் புதிய தேதியுடையது வெல்லும். டிவைஸ் மேனேஜரில் கருவியை மட்டும் நீக்கினால் களஞ்சியப் பிரதி அப்படியே இருக்கும். வயலில் செம்பனைக் கன்றைப் பிடுங்கினாலும், நாற்றுப்பண்ணையில் அதே வகை இருந்தால் மறுநாள் அதுவே நடப்படும் அல்லவா!

எனவே பிரதியையே நீக்க வேண்டும். முதலில், தவறு நேர்ந்தால் பழைய நிலைக்குத் திரும்ப உதவும் மீட்புப் புள்ளி ஒன்றை உருவாக்குங்கள். கணினி நிலைக்காவிட்டால் இன்றியமையாத இயக்கிகள் மட்டும் ஓடும் பாதுகாப்பு முறையில் (சேஃப் மோட்) தொடங்குங்கள். நிர்வாகி உரிமையுடன் திறந்த கட்டளைச் சாளரத்தில் விண்டோஸின் பிஎன்பியுடில் (pnputil) நிரலுக்குரிய '/enum-drivers' கட்டளை, வெளியார் தந்த இயக்கிகளை மட்டும் 'ஓஇஎம்' (oem) என்று தொடங்கும் எண்பெயர்களோடு பட்டியலிடும். தயாரிப்பாளரையும் தேதியையும் ஒப்பிட்டு உறுதிசெய்தபின், அந்த எண்பெயரை '/delete-driver', '/uninstall' என்பவற்றோடு கொடுக்க வேண்டும். கட்டாயப்படுத்தி நீக்கும் '/force' என்பதைச் சேர்க்காதீர்கள். களஞ்சியக் கோப்புறைக்குள் புகுந்து கையால் அழிப்பதும் கூடாது. தவறி அழித்தது வட்டுக்குரிய இயக்கியாக இருந்தால் கணினி தொடங்கவே தொடங்காது.

இதற்காக முழு வட்டையும் ஃபார்மட் செய்து, பிள்ளைகளின் தேர்வுப் பதிவுகளையெல்லாம் இழக்கச் செய்யும் வழக்கம் எனக்கு மிகுந்த வருத்தம் தருகிறது. நீக்கியபின் கருவியைச் செருகினால், களஞ்சியத்தில் எஞ்சிய பழைய இயக்கியோ விண்டோஸின் சொந்த இயக்கியோ பொருந்தக்கூடும். விண்டோஸ் அப்டேட் பழையபடி அதே கோப்பை இறக்கினால், தயாரிப்பாளரின் தளத்திலிருந்து திருத்திய பதிப்பை நிறுவுங்கள்.